பழங்கால உணவுப் பொதிகளின் எழுத்தமைப்பு

பழங்கால உணவுப் பொதிகளின் எழுத்தமைப்பு என்பது, 19ஆம் நூற்றாண்டின் தொடக்கம் முதல் 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை உணவுப் பொருட்களின் தாள் உறைகள், அட்டைப்பெட்டிகள், தகர டப்பாக்கள், கண்ணாடிப் போத்தல்கள் ஆகியவற்றின் மீது இடம்பெற்ற எழுத்து வடிவங்களையும், அவ்வெழுத்துக்கள் அடுக்கப்பட்ட முறையையும் குறிக்கும். இது வரைகலை வடிவமைப்பு வரலாற்றின் ஒரு பிரிவாகும். தொழிற்புரட்சிக்குப் பிந்தைய பிரித்தானியாவிலும் ஐக்கிய அமெரிக்காவிலும் இது பெருமளவு வளர்ச்சியடைந்தது.

இவ்வெழுத்துக்கள் அலங்காரத்துக்காக மட்டும் தோன்றியவை அல்ல. உணவுக் கலப்படம் மலிந்திருந்த காலத்தில், கண்ணால் காணாத ஓர் உற்பத்தியாளரை வாங்குவோர் நம்பும்படி செய்வதே அவற்றின் முதன்மையான பணியாக இருந்தது. 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் கைவிடப்பட்ட இவ்வடிவங்கள், 1980கள் முதல் புதிய பொருட்களின் பொதிகளில் மீண்டும் பயன்படத் தொடங்கின. பழைய எழுத்துக்குரிய நம்பிக்கையைப் புதிய பொருள் இரவல் பெறுவது முறையா என்ற கேள்வி, வடிவமைப்புத் துறையில் நீண்ட விவாதத்துக்கு உள்ளாகியுள்ளது.

தோற்றப் பின்னணி

18ஆம் நூற்றாண்டு வரை மளிகைப் பொருட்கள் பெரும்பாலும் பொதியிடப்படாமலேயே விற்கப்பட்டன. தேயிலை, சர்க்கரை, மாவு, பிசுக்கோத்து முதலியவை பீப்பாய்களிலும் பெட்டிகளிலும் கடைக்கு வந்தன. கடைக்காரர் அவற்றை நிறுத்து, எழுத்து எதுவும் இல்லாத தாளில் மடித்துக் கொடுத்தார். பொருளின் தரத்துக்குப் பொறுப்பாளியாக வாங்குவோர் அறிந்திருந்தவர் அக்கடைக்காரர் ஒருவரே.

நகரங்கள் பெருகியபோது கலப்படமும் பெருகியது. இலண்டனில் வாழ்ந்த செருமானிய வேதியியலாளர் பிரெடரிக் அக்கும் 1820இல் உணவுக் கலப்படம் பற்றிய நூல் ஒன்றை வெளியிட்டார். தேயிலையில் பிற செடிகளின் இலைகள் கலக்கப்படுவதையும், ஊறுகாய்க்குச் செம்பின் உப்புகளால் பச்சை நிறம் ஏற்றப்படுவதையும், இனிப்புகளில் ஈயச் சேர்மங்கள் பயன்படுவதையும் அந்நூல் வெளிப்படுத்தியது. 1850களின் தொடக்கத்தில் மருத்துவர் ஆர்தர் இல் அசல் நுண்ணோக்கி கொண்டு உணவு மாதிரிகளை ஆய்வு செய்து, முடிவுகளை 'தி லான்செட்' மருத்துவ இதழில் தொடராக வெளியிட்டார். பிரித்தானிய நாடாளுமன்றம் 1860இல் முதல் பொதுக் கலப்படத் தடைச் சட்டத்தையும், 1875இல் அதனினும் வலுவான உணவு, மருந்து விற்பனைச் சட்டத்தையும் இயற்றியது. ஐக்கிய அமெரிக்காவில் தூய உணவு, மருந்துச் சட்டம் 1906இல் நிறைவேறியது.

சட்டங்கள் வருவதற்கு முன்பே சில வணிகர்கள் வேறொரு தீர்வைக் கையாண்டனர். 1826இல் இங்கிலாந்தின் வைட் தீவில் சான் ஆர்னிமன் என்பவர் தேயிலையை முத்திரையிட்ட பொட்டலங்களில் தம் பெயருடன் விற்கத் தொடங்கினார். இதனால் தரத்துக்கான பொறுப்பு கடைக்காரரிடமிருந்து பொட்டலத்தின் மீது எழுதப்பட்ட பெயருக்கு மாறியது. பிற்கால உணவுப் பொதியிடல் முழுவதும் இம்மாற்றத்தின் மீதே எழுந்தது எனலாம்.

பெயர் விலைமதிப்புள்ளதானதும் அதைப் பிறர் நகலெடுப்பதும் தொடங்கியது. அதனைத் தடுக்கப் பிரித்தானியாவில் 1875இல் வணிகச் சின்னப் பதிவுச் சட்டம் இயற்றப்பட்டது. 1876 சனவரி 1ஆம் நாள் பதிவேடு திறக்கப்பட்டபோது, பாசு மதுவடிப்பகத்தின் சிவப்பு முக்கோணம் முதலாவதாகப் பதிவானது. ஐக்கிய அமெரிக்காவில் 1877இல் பதிவான குவேக்கர் ஓட்சின் சின்னம், காலை உணவுத் தானியம் ஒன்றுக்குப் பதிவான முதல் வணிகச் சின்னமாகும். இவ்வாறு எழுத்தின் வடிவமும் சட்டம் காக்கும் உடைமைகளுள் ஒன்றாயிற்று.

அச்சுத் தொழில்நுட்பம்

பழைய பொதிகளின் எழுத்து வடிவங்களைப் பெரிதும் தீர்மானித்தவை அக்கால அச்சு முறைகளே.

தொடக்கத்தில் லேபிள்கள் உலோக எழுத்துக்களைக் கோத்து அச்சிடப்பட்டன. புத்தகங்களுக்கென வார்க்கப்பட்ட மெல்லிய எழுத்துக்கள் விளம்பரத்துக்குப் போதவில்லை. எனவே 1800களின் தொடக்கத்தில் மிகத் தடித்த எழுத்துக்களும், 1810களில் பட்டையான முனைக்கோடுகள் கொண்ட எழுத்துக்களும் இலண்டன் வார்ப்பகங்களில் உருவாயின. முனைக்கோடு இல்லாத முதல் அச்செழுத்தை நான்காம் வில்லியம் காசுலன் 1816இல் தமது மாதிரிப் புத்தகத்தில் வெளியிட்டார். 1827இல் நியூயார்க்கைச் சேர்ந்த தாரியசு வெல்சு, மரத்தைக் கடைந்து பெரிய எழுத்துக்களை விரைவாகச் செய்யும் பொறியை உருவாக்கினார். இதனால் பெரிய அளவிலான அலங்கார எழுத்துக்கள் மலிவாகக் கிடைத்தன. ஆயினும் ஒவ்வோர் எழுத்தும் செவ்வகக் கட்டையாக இருந்தமையால், வரிகளை வளைப்பதும் எழுத்துக்களை ஒன்றோடொன்று பிணைப்பதும் கடினமாக இருந்தன.

இத்தடையை நீக்கியது கல்லச்சு முறையாகும். செருமனியின் மியூனிக் நகரில் அலோய்சு செனபெல்டர் 1790களின் இறுதியில் இம்முறையைக் கண்டறிந்தார். சுண்ணாம்புக் கல்லின் மீது கொழுப்புள்ள மையால் வரைந்து கல்லை ஈரமாக்கினால், அச்சு மை வரைந்த இடத்தில் மட்டும் ஒட்டும். ஈரமான இடங்கள் மையை ஏற்பதில்லை. தூரிகையாலும் பேனாவாலும் வரையக்கூடிய எதையும் இம்முறையில் அச்சிடலாம். 1837இல் கோடபுருவா எங்கல்மன் பிரான்சில் வண்ணக் கல்லச்சுக்குக் காப்புரிமை பெற்றார். இதில் ஒவ்வொரு நிறத்துக்கும் தனித்தனிக் கல் தேவைப்பட்டது.

இதன் விளைவு முக்கியமானது. பழைய லேபிள்களில் காணப்படும் பெயர்களுட் பல எழுத்துருக்களால் கோக்கப்பட்டவை அல்ல. அவை கல்லச்சு ஓவியர்களால் அந்தந்த லேபிளுக்கெனத் தனியாக வரையப்பட்டவை. ஒரு பெயருக்குத் தேவையான ஏழெட்டு எழுத்துக்கள் மட்டுமே வரையப்பட்டன; முழு நெடுங்கணக்கு எங்கும் இருக்கவில்லை. அவற்றை வரைந்தவர்களின் பெயர்களும் பெரும்பாலும் பதிவாகவில்லை.

தகரத்தின் மீது நேரடியாக அச்சிடுவது நெடுநாள் இயலாததாக இருந்தது. கல்லும் தகரமும் கடினமானவை என்பதால் இரண்டும் சீராகப் பொருந்தவில்லை. 1875இல் இங்கிலாந்தின் இராபர்ட் பார்க்கிளே, கல்லிலிருந்து ஓர் உருளைக்கும் உருளையிலிருந்து தகரத்துக்கும் மையை மாற்றும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். பின்னர் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஐக்கிய அமெரிக்காவின் ஐரா ரூபெல் இதே முறையைத் தாளுக்குப் பயன்படுத்தினார். புத்தகங்களும் நாளிதழ்களும் அச்சாகும் ஆப்செட் முறையின் முன்னோடி தகரத்தில் அச்சிடும் பொறியே என்பது குறிப்பிடத்தக்கது.

அட்டைப்பெட்டியின் வளர்ச்சிக்கு ஒரு தற்செயல் நிகழ்வு உதவியது. புரூக்ளினில் தாள் பை தயாரித்த இராபர்ட் கெயரின் தொழிற்சாலையில், மடிப்புக் கோடு இடவேண்டிய உலோகத் தகடு பிசகித் தாளை வெட்டிவிட்டது. வெட்டுவதையும் மடிப்பிடுவதையும் ஒரே அழுத்தத்தில் செய்யலாம் என்பதை உணர்ந்த கெயர், 1879இல் மடிப்பு அட்டைப்பெட்டிகளைப் பெருமளவில் தயாரிக்கும் முறையை உருவாக்கினார். தட்டையாக அச்சிட்டுப் பின்னர் பெட்டியாக மடிக்க முடிந்ததால், பெட்டியின் எல்லாப் பக்கங்களும் எழுத்துக்கான இடமாயின.

எழுத்தமைப்பின் கூறுகள்

பழைய உணவுப் பொதிகளில் பின்வரும் கூறுகள் பரவலாகக் காணப்படுகின்றன.

வளைந்த வரிகள்: பொருளின் பெயர் வில் போன்று வளைந்தோ, நாடா வடிவத்துக்குள் அமைந்தோ காணப்படும். கல்லச்சின் வரவுக்குப் பின் இது எளிதாயிற்று.

நிழலும் புறக்கோடும்: எழுத்துக்கள் தடிப்பும் நிழலும் பெற்று, பலகையில் செதுக்கியவை போலத் தோன்றும். கடைப் பெயர்ப்பலகை எழுதுவோரின் மரபிலிருந்து இது வந்தது.

பல வகை எழுத்துக்களின் கலப்பு: ஒரே லேபிளில் நான்கைந்து வகை எழுத்துக்கள் இடம்பெறும். பொருளின் பெயர், தயாரித்தவர், ஊர், எடை, செய்முறை ஆகிய ஒவ்வொன்றும் தனி வகை எழுத்தில் அமைந்தமையால், வாசிப்பவர் அவற்றை எளிதில் பிரித்தறிந்தார்.

கையொப்பம்: நிறுவனரின் கையொப்பம் அச்சிடப்பட்டிருக்கும். கடிதத்தின் கீழும் காசோலையிலும் இடப்படும் கையொப்பத்துக்குரிய பொறுப்பை இது பொருளுக்கு அளிப்பதாகக் கருதப்பட்டது.

சான்றுகள்: பொருட்காட்சிப் பதக்கங்கள், அரச இலச்சினைகள், நிறுவப்பட்ட ஆண்டு, தொழிற்சாலையின் படம் முதலியன எழுத்தைச் சூழ்ந்திருக்கும்.

நுண்கோட்டு அலங்காரம்: சில லேபிள்களில் பணத்தாள்களில் உள்ளவை போன்ற பின்னல் கோடுகள் இடம்பெற்றன. இவை அழகு சேர்த்ததுடன் போலிகளைத் தயாரிப்பதையும் கடினமாக்கின.

இக்கூறுகள் யாவும் ஏதேனும் ஒருவகையில் "இப்பொருளுக்கு ஒருவர் பொறுப்பேற்கிறார்" என்ற செய்தியையே தெரிவித்தன.

குறிப்பிடத்தக்க எடுத்துக்காட்டுகள்

அண்ட்லி அண்டு பாமர்சு

இங்கிலாந்தின் ரெடிங் நகரில் 1822இல் தொடங்கப்பட்ட பிசுக்கோத்து நிறுவனம் இதுவாகும். 1868இல் ஓவன் சோன்சு என்னும் கட்டடக்கலைஞரின் வடிவமைப்பில் அலங்காரத் தகரப் பெட்டி ஒன்றை வெளியிட்டது. பிசுக்கோத்து தீர்ந்த பின்னும் வீட்டில் வைத்துக்கொள்ளத்தக்க பெட்டிகளின் மரபு இதன் பின்னர் பரவியது. நிறுவனத்தின் பெயர் இதனால் பல ஆண்டுகள் வீடுகளில் நிலைத்திருந்தது.

லைல்சு கோல்டன் சிரப்

ஆபிராம் லைல் நிறுவனத்தின் சர்க்கரைப் பாகு 1885 முதல் தகர டப்பாவில் விற்கப்படுகிறது. பச்சை, பொன் நிறங்களில் அமைந்த அதன் முகப்பில், இறந்த சிங்கமும் அதைச் சூழ்ந்த தேனீக்களும் விவிலியக் கதை ஒன்றைக் குறிக்கும் வகையில் இடம்பெற்றன. ஏறத்தாழ மாறாமல் நீடித்த இம்முகப்பை உலகின் மிகப் பழைய வணிகப் பொதி வடிவமைப்பாகக் கின்னசு உலக சாதனைகள் அமைப்பு ஏற்றது. 2024இல் நிறுவனம் பிற பொதிகளுக்குப் புதிய சிங்கச் சின்னத்தை அறிமுகப்படுத்தியது. பழைய தகர டப்பாவின் முகப்பு மட்டும் மாற்றப்படவில்லை.

கொக்கா-கோலா

1886இல் அத்லாந்தா நகரில் மருந்தாளர் சான் பெம்பர்டன் உருவாக்கிய பானத்துக்கு, அவருடைய கணக்காளர் பிராங்க் இராபின்சன் பெயரிட்டார். அப்பெயரை எழுதியவரும் அவரே. அவர் பின்பற்றிய இசுபென்சரியன் கையெழுத்து, பிளாட் இராசர்சு இசுபென்சர் வகுத்ததாகும். அமெரிக்கப் பள்ளிகளிலும் வணிக அலுவலகங்களிலும் கற்பிக்கப்பட்ட இக்கையெழுத்து, அன்றைய கணக்கேடுகளிலும் வணிகக் கடிதங்களிலும் வழங்கிய பொது எழுத்தாகும். வணிகச் சின்னம் 1893இல் பதிவானது. தட்டச்சுப் பொறியின் பரவலால் அக்கையெழுத்து வழக்கொழிந்த பின்னர், பலரும் அதைக் கண்டது இச்சின்னத்தில்தான்.

கெல்லாக்சு

1906இல் மிச்சிகன் மாநிலத்தின் பேட்டில் கிரீக் நகரில் வில் கீத் கெல்லாக் சோளச் செதில் உணவு நிறுவனத்தைத் தொடங்கினார். அவ்வூரில் அப்போது இதே போன்ற உணவுகளைச் செய்யும் பல நிறுவனங்கள் இயங்கின. எனவே பெட்டியின் மீது தம் கையொப்பத்தை அச்சிட்டு, அது இல்லாதது அசல் அல்ல என்று எச்சரித்தார். நிறுவனத்தின் சிவப்பு நிறப் பெயர்ச்சின்னம் அக்கையொப்பத்திலிருந்து உருவானதாகும்.

காம்பெல் சூப்பு

நியூ செர்சியின் கேம்டன் நகரில் இயங்கிய காம்பெல் நிறுவனம் 1897இல் செறிவூட்டப்பட்ட சூப்பை அறிமுகப்படுத்தியது. கோர்னெல் பல்கலைக்கழகக் கால்பந்து அணியின் சிவப்பு வெள்ளைச் சீருடையைக் கண்ட நிறுவன அலுவலர் எர்பர்டன் வில்லியம்சின் பரிந்துரையால், 1898இல் லேபிள் சிவப்பு வெள்ளையாக மாற்றப்பட்டது. 1900ஆம் ஆண்டின் பாரிசுப் பொருட்காட்சியில் கிடைத்த பதக்கம் பின்னர் அதன் நடுவில் இடம்பெற்றது. 1962இல் ஓவியர் ஆன்டி வார்ஹால் இந்த டப்பாக்களை 32 ஓவியங்களாகத் தீட்டி லாசு ஏஞ்சலிசு நகரில் காட்சிப்படுத்தினார். கடை அலமாரியில் இருந்த லேபிள் கலைக்கூடத்துக்குள் சென்ற நிகழ்வாக இது கருதப்படுகிறது. 2021இல் நிறுவனம் லேபிளைத் திருத்தியபோது, எழுத்தின் நிழலை நீக்கிக் கையெழுத்து வடிவத்தைத் தொடர்ந்தது.

கலிபோர்னியப் பழப்பெட்டி லேபிள்கள்

1880கள் முதல் 1950கள் வரை கலிபோர்னியாவின் தோடம்பழங்கள் மரப்பெட்டிகளில் தொடர்வண்டி வழியே கிழக்கு மாநிலங்களுக்கு அனுப்பப்பட்டன. பெட்டியின் முனைப் பலகையில் ஒட்டப்பட்ட லேபிள்கள் வீட்டில் உண்போருக்காக அன்றி, ஏல மண்டிகளில் வாங்கும் மொத்த வணிகர்களுக்காக வரையப்பட்டவை. அடுக்கி வைத்த பெட்டிகளைத் தொலைவிலிருந்து அடையாளம் காணவேண்டியிருந்ததால், நுண்ணிய படங்களும் சிறிய எழுத்துக்களும் காலப்போக்கில் குறைந்து, தடித்த, சாய்ந்த, நிழல் பெற்ற எழுத்துக்கள் மேலோங்கின. 1950களில் மரப்பெட்டிகளுக்குப் பதிலாக நேரடியாக அச்சிட்ட அட்டைப்பெட்டிகள் வந்ததும் இக்கலை முடிவுற்றது.

லிப்டன் தேயிலை

கிளாசுக்கோ வணிகர் தாமசு லிப்டன் 1890இல் இலங்கைக்குச் சென்று, அப்புத்தளைக்கு அருகிலுள்ள டம்பதென்ன உட்படப் பல தோட்டங்களை வாங்கினார். குறிப்பிட்ட எடையுள்ள பொட்டலங்களில் தம் பெயருடன் தேயிலையை விற்றார். தோட்டத்திலிருந்து நேராகத் தேநீர்க் கெண்டிக்கு வருவது என்பது அவருடைய விளம்பர வாசகத்தின் கருத்தாகும். எனினும் அவர் விற்ற தேயிலை முழுவதையும் அவருடைய தோட்டங்களால் வழங்க இயலவில்லை. பிறரிடமிருந்து வாங்கிய தேயிலையும் கலக்கப்பட்டது. விளம்பரங்களிலும் டப்பாக்களிலும் கூடை சுமந்த கொழுந்து பறிக்கும் பெண்களின் படங்கள் இடம்பெற்றன. இலங்கைத் தோட்டங்களில் இவ்வேலையைச் செய்தோர் பெரும்பாலும் தமிழகத்திலிருந்து அழைத்துச் செல்லப்பட்ட தமிழ்த் தொழிலாளர்கள் ஆவர். பொதியில் உரிமையாளரின் பெயர் பெரிய எழுத்தில் அமைய, உழைத்தோர் பெயரற்ற படமாக அமைந்தமைக்கு இது ஓர் எடுத்துக்காட்டாகும்.

வீழ்ச்சி

1916இல் கிளாரன்சு சாண்டர்சு டென்னசி மாநிலத்தின் மெம்பிசு நகரில் 'பிக்லி விக்லி' என்னும் தற்சேவைக் கடையைத் திறந்தார். வாங்குவோர் தாமே அலமாரியிலிருந்து பொருளை எடுக்கும் முறை பரவியபோது, பொதியைப் பற்றி எடுத்துச் சொல்லக் கடைக்காரர் இல்லாமற் போனார். பல பொருட்களிடையே ஒரு நொடியில் கண்ணில் படுவதே எழுத்தின் தேவையாயிற்று. பதக்கங்களும் நீண்ட வாசகங்களும் இடத்தை அடைப்பனவாகக் கருதப்பட்டன.

இரண்டாம் உலகப் போருக்குப் பின்னர் நவீனவிய வடிவமைப்பு செல்வாக்குப் பெற்றது. 1957இல் சுவிட்சர்லாந்தில் மேக்சு மீடிங்கர் வடிவமைத்து, பின்னர் ஹெல்வெட்டிக்கா எனப் பெயர் பெற்ற எழுத்துரு, முனைக்கோடற்ற எளிய எழுத்துக்களின் அடையாளமானது. பிரித்தானியாவில் செயின்சுபரி கடைகளின் சொந்தத் தயாரிப்புகளுக்குப் பீட்டர் டிக்சன் தலைமையிலான குழு 1960களிலும் 1970களிலும் வடிவமைத்த பொதிகள், எளிய வடிவங்களையும் தெளிவான எழுத்தையும் மட்டுமே கொண்டிருந்தன. கல்லச்சுக் கூடங்கள் ஒளிப்பட அச்சு முறைக்கு மாறியதால், கையால் எழுத்து வரைவோரின் தொழிலும் சுருங்கியது.

மீட்டெழுச்சியும் தற்கால வடிவமைப்பும்

பழைய எழுத்துக்களின் மீதான ஆர்வம் முழுமையாக மறையவில்லை. 1954இல் நியூயார்க்கில் மில்டன் கிளேசர், சீமோர் சுவாசுட் முதலியோர் நிறுவிய புஷ் பின் கலைக்கூடம், நவீனவியத்தின் கட்டுப்பாட்டுக்கு மாற்றாக விக்டோரியா கால வடிவங்களையும் மீண்டும் கையாண்டது. 1969இல் இராப் ராய் கெல்லி அமெரிக்க மர எழுத்துக்களின் வரலாற்றை நூலாக வெளியிட்டார். மறைந்துபோன எழுத்து வடிவங்களைப் பெயரிட்டு வகைப்படுத்திய அந்நூல் பிற்கால வடிவமைப்பாளர்களுக்கு முதன்மை மூலமாக அமைந்தது.

உணவுப் பொதியிடலில் இப்போக்கு 1980களில் வலுப்பெற்றது. மினியாபோலிசு நகரின் டபி குழு, கிளாசிக்கோ என்னும் பாசுத்தாச் சுவைச்சாற்றுக்குப் பழைய ஊறுகாய்ப் போத்தலை ஒத்த கண்ணாடிப் போத்தலையும் பழம்பாணி லேபிளையும் அமைத்தது. நியூயார்க்கில் 1989இல் தனிக் கலைக்கூடம் தொடங்கிய லூயிசு பிலி, இத்தாலிய, பிரெஞ்சுப் பழைய லேபிள்களையும் கடைப் பலகைகளையும் சேகரித்து, அவற்றின் வழியில் உணவு நிறுவனங்களுக்கும் உணவகங்களுக்கும் எழுத்துக்களை வரைந்தார்.

கணினியின் வருகை இப்போக்கை விரைவுபடுத்தியது. அடோபி நிறுவனம் 1990இல் பழைய மர எழுத்துக்களை எண்ணிம எழுத்துருக்களாக வெளியிட்டது. ஹவுசு இண்டசுட்ரீசு நிறுவனம், 1936இல் தொடங்கப்பட்ட போட்டோ-லெட்டரிங் நிறுவனத்தின் எழுத்துத் தொகுப்பை 2003இல் வாங்கியது. ஓப்பன்டைப் தொழில்நுட்பத்தால், அடுத்துவரும் எழுத்துக்கேற்ப ஓர் எழுத்தின் வடிவம் தானே மாறும் வசதி கிடைத்தது. இதனால் கையெழுத்து வடிவங்களையும் எழுத்துருவாக்க முடிந்தது. அர்ச்சென்டினாவின் ஆலெகாந்திரோ பால் 2007இல் வெளியிட்ட பூர்கெசு இசுகிரிப்ட் இத்தகையதாகும். ஒரு பெயருக்கென ஓவியர் பல நாள் வரைந்த எழுத்தை, எவரும் எப்பெயருக்கும் சில நொடிகளில் பயன்படுத்தும் நிலை இவ்வாறு உருவானது.

21ஆம் நூற்றாண்டில் பெரிய நிறுவனங்களும் தம் பழைய எழுத்துக்களுக்குத் திரும்பின. 2009இல் பெப்சி நிறுவனம் பழைய லேபிளுடன் ஒரு பானத்தை வெளியிட்டு, அதில் சோளச் சர்க்கரைப் பாகுக்குப் பதிலாகச் சர்க்கரையைச் சேர்த்தது. பழைய எழுத்து பழைய செய்முறையின் அடையாளமாகவும் கொள்ளப்பட்டதற்கு இது சான்றாகும். சோபானி தயிர் நிறுவனம் 2017இல் மென்மையான தடித்த முனைக்கோட்டு எழுத்துக்கு மாறியது. பர்கர் கிங் 2021இல் தன் 20ஆம் நூற்றாண்டுச் சின்னத்தை ஒத்த வடிவத்துக்குத் திரும்பியது.

விமரிசனங்கள்

பழம்பாணி எழுத்துக்களின் பயன்பாடு கடும் விமரிசனங்களையும் எதிர்கொண்டது. 1989இல் சான் அந்தோனியோ நகரில் நடைபெற்ற அமெரிக்க வரைகலை நிறுவன மாநாட்டில், வடிவமைப்பாளர் திபோர் கால்மன் டபி குழுவின் சோ டபியின் பணிகளை வெளிப்படையாகக் குறைகூறினார். இருவருக்கும் இடையிலான விவாதம் பின்னர் 'பிரிண்ட்' இதழில் வெளியானது. கால்மன், ஆபட் மில்லர், கேரி சேக்கப்சு ஆகியோர் 1991இல் எழுதிய கட்டுரை ஒன்று, வடிவமைப்பாளர்கள் வரலாற்றை வடிவங்களின் கிடங்காக மட்டும் கருதி, அவை தோன்றிய சூழலை விட்டுவிடுகின்றனர் எனக் கூறியது.

இவ்விமரிசனத்தின் சாரம் நம்பிக்கை பற்றியதாகும். கெல்லாக்கின் கையொப்பத்துக்குப் பின்னால் ஒரு மனிதரும் ஒரு தொழிற்சாலையும் இருந்தனர். அதே வடிவத்தில் எழுதப்பட்ட கற்பனைப் பெயருக்குப் பின்னால் அவ்வாறு எவரும் இருக்கவேண்டிய கட்டாயம் இல்லை. 2016இல் பிரித்தானியாவின் டெசுக்கோ பேரங்காடி தன் இறைச்சி, காய்கறி, பழங்களுக்குப் பண்ணைகளின் பெயர் போன்ற ஏழு வணிகப்பெயர்களைச் சூட்டியது. அவை அப்பொருட்கள் விளைந்த பண்ணைகளின் பெயர்கள் அல்ல. இது வாங்குவோரைத் தவறாக எண்ணச் செய்யும் என்று தேசிய உழவர் சங்கம் முறையிட்டது.

மறுதரப்பினர், பழைய பொதிகளும் முழு உண்மையைக் கூறவில்லை எனச் சுட்டுகின்றனர். லிப்டனின் வாசகம் இதற்கு ஓர் எடுத்துக்காட்டு. பதக்கங்களும் இலச்சினைகளும் பொருளினுள் என்ன இருந்தது என்பதைத் தெரிவிக்கவில்லை. மேலும், கையால் வரைந்த எழுத்துக்கான தேவை மீண்டும் எழுந்ததால் மறையும் நிலையில் இருந்த ஒரு கைத்திறன் பிழைத்தது என்றும் அவர்கள் கூறுகின்றனர்.

சட்டமும் எழுத்தும்

உணவு லேபிள் பற்றிய சட்டங்கள் பெரும்பாலும் சொற்களையும் எண்களையும் கட்டுப்படுத்துகின்றன. ஐக்கிய அமெரிக்காவின் 1990ஆம் ஆண்டுச் சட்டப்படி, 1994 முதல் ஊட்டச்சத்து அட்டவணை பொதிகளில் கட்டாயமானது. பர்கி பெல்சர் வடிவமைத்த அவ்வட்டவணையின் மாதிரி, ஹெல்வெட்டிக்கா எழுத்தில், கறுப்புக் கோடுகளுடன் எவ்வித அலங்காரமும் இன்றி அமைந்தது. இதனால் ஒரே பெட்டியின் முகப்பில் பழங்கால எழுத்தும், பின்புறம் அல்லது பக்கவாட்டில் நவீன எழுத்தும் அமைவது வழக்கமாயிற்று. முன்னது நம்பிக்கையைக் கோருகிறது. பின்னது சரிபார்க்கத்தக்க தகவலைத் தருகிறது.

பிரித்தானிய உணவுத் தர முகமை 2002இல் வெளியிட்டு 2008இல் திருத்திய வழிகாட்டுதல்கள், "மரபுவழி", "அசல்", "பண்ணை வீடு" முதலிய பொருள்படும் சொற்களை எப்போது பயன்படுத்தலாம் என வரையறுத்தன. அச்சொற்கள் தரும் அதே எண்ணத்தை எழுத்தின் வடிவமும் தரக்கூடும். ஆனால் வடிவத்துக்கு இத்தகைய வரையறை எளிதன்று.

டோப்ளரோன் சாக்கலேட்டின் 2023ஆம் ஆண்டு மாற்றம் இவ்வேறுபாட்டைத் தெளிவாகக் காட்டுகிறது. 1908இல் பேர்ண் நகரில் தோன்றிய இதன் தயாரிப்பில் ஒரு பகுதி சிலோவாக்கியாவுக்கு மாற்றப்பட்டது. 2017இல் நடைமுறைக்கு வந்த சுவிட்சர்லாந்தின் சட்டப்படி, அந்நாட்டு அடையாளங்களைப் பயன்படுத்த உணவுப் பொருளின் மூலப்பொருளும் தயாரிப்பும் குறிப்பிட்ட நிபந்தனைகளை நிறைவு செய்யவேண்டும். எனவே உறையிலிருந்து மேட்டர்கார்ன் மலையின் படம் நீக்கப்பட்டு, பொதுவான ஒரு மலை வடிவம் இடப்பட்டது. அதே வேளையில், நிறுவனத்தின் ஆவணங்களைத் தழுவிய எழுத்து வடிவமும் நிறுவனர் தியோடர் டோப்ளரின் கையொப்பமும் புதிதாகச் சேர்க்கப்பட்டன. படம் கூறிய இடத்தைச் சட்டத்தால் நீக்க முடிந்தது. எழுத்து கூறும் பழமை அச்சட்டத்தின் எல்லைக்குள் வரவில்லை.

சேகரிப்புகள்

பொதிகள் பயன்பட்டதும் எறியப்படுவதால் பழைய மாதிரிகள் குறைவாகவே எஞ்சியுள்ளன. 1963இல் இசுக்கொட்லாந்தின் இன்வர்னசு தொடர்வண்டி நிலையத்தில் மஞ்சீசு இனிப்பு வாங்கிய 16 வயது இராபர்ட் ஓப்பி, அதன் உறையை எறிந்தால் வரலாற்றின் ஒரு துண்டு அழியும் எனக் கருதிச் சேமிக்கத் தொடங்கினார். அவர் 1984இல் குளொசுட்டர் நகரில் திறந்த அருங்காட்சியகத்தின் தொடர்ச்சியாக, 2005இல் இலண்டனின் நாட்டிங் இல் பகுதியில் வணிகப்பெயர் அருங்காட்சியகம் நிறுவப்பட்டது. அண்ட்லி அண்டு பாமர்சு நிறுவனத்தின் தகரப் பெட்டிகள் ரெடிங் அருங்காட்சியகத்தில் உள்ளன. ஆக்சுபோர்டு பல்கலைக்கழகத்தின் போட்லியன் நூலகத்திலுள்ள சான் சான்சன் தொகுப்பு, லேபிள்கள் உட்பட அழிந்துபோகக்கூடிய அச்சுப் பொருட்களைக் கொண்டுள்ளது. வார்ஹாலின் 32 ஓவியங்களும் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் வைக்கப்பட்டுள்ளன.